"டக்" என்று ஒரே ஒரு சத்தம்: காக்கி புக்கிட் பட்டறை ஒன்றுக்குப் போய்வந்த கதை

இந்தப் பட்டறையின் பெயரை நான் எழுதப்போவதில்லை. எழுதட்டுமா என்று கேட்டதற்கு, "எழுது, பெயர் மட்டும் போடாதே. இருக்கிற வண்டிகளை நிறுத்தவே இடமில்லை" என்று சொல்லிவிட்டார் பட்டறைக்காரரான சீன அங்கிள். சிங்கப்பூரின் காக்கி புக்கிட்டில் கார்ப் பட்டறைகள் வரிசையாக இருக்கும் கட்டடங்களில் ஒன்றில் இருக்கிறது. சரிவுப் பாதையில் ஏறி இடப்பக்கம் திரும்பினால், வாசலில் ஒரு பழுப்புப் பூனை படுத்திருக்கும். தேடுகிறவர்களுக்கு அந்தப் பூனை போதும்.

என் கார் 2008இல் பதிவான டொயோட்டா கொரோலா ஆல்டிஸ், ஆட்டோ கியர். 2018இல் சிஓஇயை, அதாவது இங்கே கார் வைத்திருக்கத் தேவையான உரிமைச் சான்றிதழை, பத்தாண்டுக்குப் புதுப்பித்தபோது வீட்டில் பாதிப் பேர் சிரித்தார்கள். சான்றிதழின் மூன்று மாதச் சராசரி விலையைக் கட்ட வேண்டும், வண்டியைக் கொடுத்திருந்தால் அரசிடமிருந்து வந்திருக்கும் கழிவுத்தொகையை இழக்க வேண்டும், ஆண்டுதோறும் பரிசோதனைக்குக் கொண்டுபோக வேண்டும், வயது ஏற ஏறச் சாலை வரியும் ஏறும். இப்போது நான் 50 விழுக்காடு கூடுதலாகக் கட்டுகிறேன். பள்ளி அலுவலகத்தில் முப்பது ஆண்டு கணக்குப் பார்த்தவள் நான். கணக்குத் தெரியாமல் செய்யவில்லை. அம்மாவுக்குச் செவ்வாய், வியாழன், சனி டயாலிசிஸ். போகும்போது அவர் நன்றாகத்தான் இருப்பார், டாக்சியில் போய்விடலாம். திரும்பும்போது கை கால் துவண்டிருக்கும். மழையில் டாக்சிக்காக அவரை நிறுத்திவைத்த ஒரு சனிக்கிழமைக்குப் பிறகு, இந்தக் காரை விற்கும் பேச்சை நான் எடுத்ததில்லை.

அந்தக் கார்தான் சென்ற ஆண்டு இறுதியில் "டக்" என்று சொல்லத் தொடங்கியது.

சாவியைத் திருப்பினால் ஒரே ஒரு "டக்". அதற்குப் பிறகு ஒன்றுமில்லை. மறுபடி திருப்பினால் எதுவுமே நடக்காததுபோல ஓடும். பத்து நாளுக்கு ஒருமுறை, பிறகு வாரம் ஒருமுறை. காலையில் ஒருநாளும் வராது. ஓட்டிக்கொண்டுபோய் நிறுத்தி, கால் மணி நேரம் கழித்து எடுக்கும்போதுதான் வரும்.

வீட்டுக்குப் பக்கத்துப் பட்டறையில் சொன்னேன். முன்மூடியைத் திறந்து பார்த்தவர், பார்த்த கையோடு பேட்டரி போய்விட்டது என்றார். எதையும் அளக்கவில்லை. இந்த ஊர் வெயிலில் பேட்டரி இரண்டு மூன்று ஆண்டுக்குமேல் தாங்காது என்பது எனக்கும் தெரியும். என்னுடையதற்கு இரண்டரை வயது. நம்பி 165 வெள்ளி கொடுத்தேன். மூன்று வாரம் கழித்து மறுபடியும் "டக்". திரும்பிப் போனால், அப்படியானால் பேட்டரிக்கு மின்சாரம் ஏற்றும் ஆல்டர்னேட்டராக இருக்கும், 380 வெள்ளி ஆகும் என்றார். இந்த முறையும் மீட்டர் வெளியே வரவில்லை. யோசித்துச் சொல்கிறேன் என்று வந்துவிட்டேன். அம்மாவும் மருத்துவரிடம் இப்படித்தான் சொல்வார்.

பிறகு ஒரு ஞாயிறு, தேக்கா சந்தையில். பின்பெட்டியில் இரண்டு கிலோ வஞ்சிரம், ஒரு கட்டு முருங்கைக் கீரை, வெளியே பதினொரு மணி வெயில். "டக்". ஏழு முறை திருப்பியும் "டக்". தள்ளிவிடலாம் என்று நான்கு பேர் ஆர்வமாக வந்தார்கள். ஆட்டோ கியர் வண்டியைத் தள்ளி ஸ்டார்ட் செய்ய முடியாது என்று சொன்னதும் ஆர்வம் வடிந்து போய்விட்டார்கள். காய்கறி வேன் ஓட்டுநர் ஒருவர் மட்டும் நின்றார். கியரை நியூட்ரலில் வைத்துத் திருப்பிப் பாருங்கள் என்றார். அதிலும் "டக்". சக்கரம் கழற்றும் ஸ்பேனரை வாங்கி, எஞ்சினுக்குள் கையை நீளவிட்டு எதையோ இரண்டு தட்டுத் தட்டினார். "இப்போது திருப்புங்கள்." ஓடியது. "எஞ்சினைச் சுற்றிவிடும் ஸ்டார்ட்டர் மோட்டார், அக்கா. தட்டித் தட்டி எத்தனை நாள் ஓட்டுவீர்கள்?" என்று சொல்லிவிட்டு வெண்டைக்காய்ப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். பெயர்கூடக் கேட்கவில்லை. மீன் தப்பியது.

எல்லை தாண்டி ஜொகூருக்குக் கொண்டுபோ, பாதி விலையில் முடியும் என்றார் என் நாத்தனார். நின்றால் மறுபடி ஓடுமா என்று தெரியாத காரை, எல்லை தாண்டும் விதிப்படி முக்கால் தொட்டிப் பெட்ரோலும் நிரப்பிக்கொண்டு, உட்லண்ட்ஸ் பாலத்து நெரிசலில் கொண்டுபோய் நிறுத்தச் சொல்கிறார்! அக்கா மகன் இணையத்தில் 95 வெள்ளிக்கு ஒரு ஸ்டார்ட்டர் வாங்கித் தந்தான், பெட்டியில் வேறு ஏதோ ஒரு நிறுவனத்தின் பெயர். அந்தப் பெட்டியோடுதான் காக்கி புக்கிட்டுக்குப் போனேன்.

அங்கிளுக்கு எழுபதைத் தாண்டியிருக்கும். என்னிடம் பாதி மலாய், பாதி ஆங்கிலம். கூட வேலை பார்ப்பவர் புதுக்கோட்டைப் பக்கத்துத் தம்பி. அங்கிள் வாயில் அது ஸ்டார்ட்டர், தம்பி வாயில் அது செல்ஃப். முதல் ஒரு மணி நேரம் இரண்டும் இரண்டு பொருள் என்றும், இரண்டும் கெட்டுப்போயிருக்கின்றன என்றும் நினைத்துக்கொண்டிருந்தேன்.

பெட்டியை நீட்டினேன், அங்கிள் வாங்கவில்லை. "முதலில் பார்க்கிறேன். பார்க்க நாற்பது வெள்ளி." வேலை செய்தால் அதைக் கழிப்பீர்களா என்றேன். கழிக்கமாட்டாராம். எரிச்சல் வந்தது. இப்போது யோசித்தால், இந்த வண்டிக்கு நான் செலவழித்ததிலேயே உருப்படியானது அந்த நாற்பதுதான்.

மருத்துவரைக் கண்டதும் காய்ச்சல் ஓடிப்போகும் என்பார்களே, என் காரும் அதையே செய்தது. ஒன்பது முறை திருப்பினார், ஒன்பது முறையும் குதிரை மாதிரி ஓடியது. நான் பொய் சொல்வதாகச் சந்தேகப்படுவார் என்று பார்த்தால், அவர் ஏர்கானைப் போட்டு எஞ்சினை ஓடவிட்டுவிட்டுக் கோப்பி குடிக்கப் போய்விட்டார். நாற்பது நிமிடம். சூடு ஏறட்டும் என்று தம்பி சொன்னார். திரும்பி வந்து அணைத்து, கொஞ்சம் பொறுத்துத் திருப்பினார். மூன்றாவது தடவை "டக்". அவர் முகத்தில் அன்றைக்கு நான் பார்த்த ஒரே சிரிப்பு அப்போது வந்ததுதான்.

அதற்குப் பிறகு நடந்ததைத் தம்பி எனக்கு விளக்கிக்கொண்டே வந்தார். முன்விளக்கைப் போட்டுவிட்டுச் சாவியைத் திருப்பச் சொன்னார். "டக்" என்றபோது விளக்கு மங்கவே இல்லை. "பேட்டரி சோர்ந்திருந்தால் விளக்கு அணைகிற மாதிரி மங்கும் அக்கா. சத்தமும் டக்-டக்-டக்-டக் என்று படபடவென்று வரும். ஒரே டக், விளக்கும் பளிச்சென்று இருக்கிறது என்றால் பேட்டரியைத் திட்டாதீர்கள்." 165 வெள்ளி நினைவுக்கு வந்தது.

பிறகு மீட்டர். சும்மா இருக்கும்போது பேட்டரியில் 12.6 வோல்ட். "டக்" சொன்ன நேரத்தில் 12.4. நல்ல ஸ்டார்ட்டர் சுழலும்போது நூறு ஆம்பியருக்குமேல் இழுக்கும், வோல்ட் பத்து பதினொன்றுக்கு இறங்கத்தான் வேண்டும். இறங்கவில்லையென்றால் யாரும் இழுக்கவில்லை. வண்டியைத் தூக்கிவிட்டு, ஸ்டார்ட்டரின் தடித்த கம்பி முனையிலேயே அளந்தார்கள். அங்கேயும் 12.4. சாவியிலிருந்து வரும் மெல்லிய கம்பியில், திருப்பும்போது 11.8. எஞ்சினுக்கும் பேட்டரியின் எர்த் முனைக்கும் நடுவே கிட்டத்தட்ட ஒன்றுமில்லை. ஆக, வாசல் வரை மின்சாரம் வருகிறது, சாவியின் கட்டளையும் வருகிறது, திரும்பிப் போகும் வழியும் சரியாக இருக்கிறது; உள்ளே இருப்பவர்தான் எழுந்திருக்கவில்லை. இவ்வளவுக்கும் பத்து நிமிடம் ஆகவில்லை. முதல் பட்டறையிலும் மீட்டர் இருந்தது, ஆணியில் தொங்கியதை என் கண்ணால் பார்த்தேன்.

கழற்றும் முன் தம்பி பேட்டரியின் நெகட்டிவ் முனையைத்தான் முதலில் எடுத்தார். ஸ்டார்ட்டருக்குப் போகும் தடித்த கம்பியில் சாவி இல்லாமலும் மின்சாரம் நிற்கும், ஸ்பேனர் ஒரு பக்கம் அதையும் மறுபக்கம் எஞ்சினையும் தொட்டால் வெல்டிங் கடைதான் என்றார். மோட்டாரைப் பிடித்திருப்பவை இரண்டே போல்ட். கீழ்ப் போல்ட் மறுபேச்சில்லாமல் வந்தது. மேலே இருந்தது பதினாறு ஆண்டுக்குமேல் அசையாமல் இருந்த உரிமையில் அரை மணி நேரம் அடம்பிடித்தது.

மேசைமேல் வைத்து அங்கிள் பின்மூடியைத் திறந்தார். மோட்டாருக்கு மின்சாரத்தைத் திறந்துவிடும் பாகமான சோலனாய்டுக்குள் இரண்டு செம்புத் துண்டுகள். சாவியைத் திருப்பினால் ஒரு செம்புத் தட்டு முன்னால் பாய்ந்து இரண்டையும் ஒரே நேரத்தில் தொட வேண்டும். அப்போதுதான் மோட்டாருக்கு மின்சாரம் போகும். பாயும் சத்தம்தான் நான் கேட்ட "டக்". என்னுடையதில் ஒரு துண்டு நன்றாக இருந்தது, மற்றது தேய்ந்து பிறை நிலாவாகியிருந்தது. தட்டு பாய்கிறது, ஒரு பக்கம் தொடுகிறது, மறுபக்கம் தொட்டும் தொடாமலும் நிற்கிறது. செம்பும் கார்பனும் மட்டும் மாற்றினால் போதாதா என்றேன். போதும், 110 வெள்ளியில் முடியும் என்றார். பிறகு மோட்டாருக்குள் சுழலும் பாகமான ஆர்மேச்சரை வெளியே எடுத்து, கார்பன் உரசும் இடத்தை என் விரலால் தடவச் சொன்னார். பள்ளம் விழுந்திருந்தது. செம்பு மாற்றினால் ஓடும், எத்தனை மாதம் என்று சொல்லமாட்டேன் என்றார். பழுதுபார்த்த மோட்டார் 180, ஆறு மாத உத்தரவாதம். புதிய டென்சோ 340, ஓராண்டு. மாட்டும் கூலி எதுவானாலும் 90.

என் பெட்டியையும் அப்போதுதான் திறந்தார். முனையிலுள்ள சிறிய பற்சக்கரத்தின் பற்களை விரல்விட்டு எண்ணினார், பழையதோடு ஒத்துப்போனது. எனக்கு மகிழ்ச்சி. மெல்லிய கம்பி செருகும் வாயைத் திருப்பிக் காட்டினார், வேறு வடிவம். வெட்டி ஒட்டலாமே என்றேன். "என் கடையில் இல்லை" என்றார். அக்கா மகன் அதைத் திருப்பி அனுப்பிவிட்டான், அனுப்பும் செலவு போக 80 வெள்ளி கிடைத்தது.

புதியதையே போடச் சொன்னேன். அங்கிளுக்கு அதில் உடன்பாடில்லை. 2028இல் சிஓஇ முடியப்போகும் வண்டிக்குப் பழுதுபார்த்ததே போதும் என்று முணுமுணுத்தார். வியாழக்கிழமை டயாலிசிஸ் முடிந்து அம்மா துவண்டு நிற்கும்போது அவரா வந்து ஸ்பேனரால் தட்டப்போகிறார்?

புதியது வர மாலை மூன்றானது. மாட்டும் முன் தம்பி டார்ச் அடித்து, எஞ்சினைக் கையால் சுற்றிச் சுற்றி, ஸ்டார்ட்டர் கடித்துச் சுற்றும் எஞ்சின் சக்கரத்தின் பற்களைப் பார்த்தார். எஞ்சின் நிற்கும்போது பெரும்பாலும் அதே ஓரிரு இடங்களில்தான் வந்து நிற்குமாம். அதனால் தேய்வதும் அங்கேயேதான். அந்தப் பற்கள் போயிருந்தால் கியர்பெட்டியை இறக்க வேண்டும், செலவு வேறு உயரத்துக்குப் போய்விடும். என் வண்டியில் நன்றாக இருந்தன. நாலரைக்கு முடிந்தது.

குறைகள் இல்லாமல் இல்லை. உட்கார இருப்பது ஒரு பிளாஸ்டிக் நாற்காலி, அதுவும் பூனையுடையது. காலை பத்துக்குப் போனவள் மாலைவரை அங்கேயே கிடந்தேன். பாகம் வர இவ்வளவு நேரமாகும் என்று முன்பே சொல்லியிருந்தால் வீட்டுக்குப் போய்ச் சமைத்துவிட்டு வந்திருப்பேன். தொலைபேசியை எடுப்பதே இல்லை. பில் கையெழுத்தில், பாதி சீனத்தில். 340, 90, 40, மொத்தம் 470 என்பது மட்டும் எனக்குப் புரிந்தது. இருக்கை உறையில் ஒரு முழுக் கைத்தடம் கிரீஸ், மூன்று முறை துவைத்தும் போகவில்லை. பேட்டரியைக் கழற்றினால் வானொலி நிலையங்களும் கடிகாரமும் அழிந்துபோகும் என்று யாரும் சொல்லவில்லை. மறுநாள் அம்மா ஒலி 96.8 எங்கே என்று வழிநெடுகக் கேட்டுக்கொண்டு வந்தார்.

இது நடந்து ஐந்து மாதமாகிறது. ஒரு "டக்" கூட இல்லை. பழைய மோட்டாரைப் பையில் போட்டுக் கொடுத்தார்கள். பிறைநிலாச் செம்புத் துண்டை மட்டும் எடுத்து வைத்துக்கொண்டேன். முதல் பட்டறைக்குக் கொண்டுபோய்க் காட்ட வேண்டும் என்றுதான். இன்னும் போகவில்லை.

போகிறவர்கள் காலை பத்துக்கு முன்னால் போங்கள், ரொக்கம் கொண்டுபோங்கள். காலையில் எடுக்கும்போது வராத கோளாறு என்றால் வண்டியைச் சூடாகவே கொண்டுபோங்கள், நாற்பது நிமிடம் மிச்சம். ஞாயிறு விடுமுறை. மதியம் பன்னிரண்டரையிலிருந்து ஒன்றரைவரை ஷட்டர் பாதி இறங்கியிருக்கும். குனிந்து கூப்பிட்டால் தம்பி எழுந்து வருவார். அங்கிள் வரமாட்டார்.