கிசுகிசுவா, கண்ணீர்க் கதையா, தொழில் குறிப்பா?

ஆபாசப்பட நடிகர்களைப் பற்றித் தமிழில் எழுத உட்காருபவர்கள் பெரும்பாலும் கிசுகிசு எழுதுகிறார்கள், இல்லாவிட்டால் கண்ணீர்க் கதை எழுதுகிறார்கள். தொழிலைத் தொழிலாக எழுதும் மூன்றாவது வழியும் இருக்கிறது. மியா கலிஃபாவை எடுத்துக்கொண்டால் வித்தியாசம் பளிச்சென்று தெரியும்.

கிசுகிசுவில் அவர் ‘உலகை அதிரவைத்துக் கோடிகளில் புரள்பவர்’. கண்ணீர்க் கதையில் ‘சீரழிக்கப்பட்ட பேதைப் பெண்’. தொழில் குறிப்போ இவ்வளவுதான் சொல்லும்: 2014 கடைசியில் தொடங்கிச் சுமார் மூன்று மாதம் நடித்தார், மொத்தமாகக் கிடைத்தது ஏறக்குறைய 12,000 அமெரிக்க டாலர் என்று 2019-இல் அவரே சொன்னார்.

உப்புச்சப்பில்லாமல் இருக்கிறதா? ஆனால் இதைப் படித்தவர்தான் அடுத்த கேள்வியைக் கேட்பார்: படங்கள் இன்னமும் ஓடுகின்றனவே, பணம் யாருக்குப் போகிறது? அமெரிக்காவில் இந்தத் தொழிலில் ஒரு காட்சிக்கு இவ்வளவு என்று பொதுவாக ஒரே தடவைதான் கொடுப்பார்கள். உரிமை தயாரிப்பாளருக்கு. நடித்தவர் விலகிய பிறகும் விற்பனை நடக்கும், அவருக்குப் பங்கு வராது. மற்ற இரண்டு வகையும் இந்த ஒப்பந்தத்தின் பக்கமே போவதில்லை. என்னைக் கேட்டால் கண்ணீர்க் கதைதான் மோசம். கிசுகிசுவாவது தன் அற்பத்தனத்தை மறைப்பதில்லை. கண்ணீர்க் கதையோ பரிவு காட்டுகிற சாக்கில் அதே கவர்ச்சிப் படத்தைத் தலைப்புக்கு மேலே போட்டுக்கொள்ளும்.

அடுத்தது பெயர். திரைப்பெயரா, இயற்பெயரா? திரைப்பெயர் போதும் என்பேன். சன்னி லியோனியின் இயற்பெயரைத் தலைப்பில் வைத்து, அவரே நடித்த தொடர் 2018-இல் வந்தபோது, அதிலிருந்த ‘கௌர்’ என்ற, சீக்கியப் பெண்களுக்குரிய பெயருக்குச் சீக்கிய அமைப்பிலிருந்து எதிர்ப்பு கிளம்பியது. அவர் சம்மதித்து வந்த பெயருக்கே இந்தப் பாடு. சிங்கப்பூரில் நம் ஆட்கள் பலரின் அடையாள அட்டையில் அப்பா பெயரும் சேர்ந்தே இருக்கும். முழுப்பெயரைப் போட்டால் அந்த மனிதரையும் சேர்த்து இழுத்துவிடுகிறோம். எந்த புளோக், எந்த ஸ்கூல் என்பதெல்லாம் சாயங்காலத்துக்குள் வாட்ஸ்அப்பில் வந்துவிடும். துன்புறுத்தும் நோக்கத்தோடு ஒருவரின் அடையாள விவரங்களை வெளியிடுவது இங்கே 2020 ஜனவரியிலிருந்து குற்றம். நோக்கம் அதுவல்ல என்று எழுதியவர் வாதாடலாம்தான். அதற்குள் அந்தக் குடும்பம் வீடு மாறியிருக்கும்.

சட்டத்தை எழுதும்போது ஊரைக் கலக்கக் கூடாது. கலிபோர்னியாவில் உரிய நிபந்தனைகளோடு நடக்கும் படப்பிடிப்பு சிங்கப்பூரில் வழக்காகும். இங்கே ஆபாசப் படத்தை வைத்திருப்பதே குற்றம். இதைச் சொல்லாமல் ‘கைநிறையச் சம்பளம்’ என்று மட்டும் எழுதுவது இளவட்டத்துக்குச் செய்கிற துரோகம்.

அப்புறம் ‘இப்போது எங்கே இருக்கிறார்?’ என்ற பத்தி. சிங்கப்பூரில் பிறந்த ஆபாசப்பட நடிகை அனபெல் சோங் பற்றிய ஆவணப்படம் 1999-இல் அமெரிக்காவின் சண்டான்ஸ் திரைப்பட விழாவில் திரையானது. பிறகு அவர் அந்தத் தொழிலை விட்டு இணையத்தள வடிவமைப்பு வேலைக்குப் போனார். அங்கே நிறுத்திக்கொள்ளலாம். எந்தக் கம்பெனி, எந்த ஊர், யாரோடு வாழ்கிறார் என்று துழாவுவது அவருடைய தொழிலைப் பற்றிய எழுத்தே அல்ல. கலிஃபாபோல் அவரே பொதுவில் பேசினால் சரி, அவர் சொன்ன அளவுக்கு எழுதலாம்.