கெமர் கற்பவருக்கு மாயக்கதை: எதை நம்பிப் படிக்கலாம்?

கம்போடியாவின் மொழியான கெமரில் எழுத்துக்கூட்டிப் படிக்க வந்ததும் பலர் முதலில் தேடுவது ஹாரி பாட்டர். கதை முன்பே தெரியும், அகராதி புரட்டும் வேலை பாதியாகும் என்ற கணக்கு. முதல் பாகம் கெமரில் உண்டு. கம்போடியா பல்கலைக்கழக அச்சகம் 2005-இல் வெளியிட்டது. ஆனாலும் முதல் வாசிப்புக்கு அதை எடுக்க வேண்டாம். கெமரில் சொல்லுக்குச் சொல் இடைவெளி கிடையாது. சொற்றொடர் முடியும் இடத்தில்தான் விடுவார்கள். ஒலிபெயர்த்த அயல்பெயர் எங்கே முடிகிறது, வினைச்சொல் எங்கே தொடங்குகிறது என்று பிரித்தறியப் பழகாத கண்ணுக்கு ஒரு பத்தியே மலையாகிவிடும். ஒளிநகல் பிரதி என்றால் இன்னும் மோசம். மெய்யெழுத்தின் காலடியில் ஒட்டி நிற்கும் அடியெழுத்துகள் மசியில் அடைந்துபோகும், உச்சரிப்பையே மாற்றும் மேற்குறிகள் மங்கிவிடும்.

தொடங்குவதற்கு ஸ்டோரிவீவரையே சொல்வேன். பெங்களூரின் பிரதம் புக்ஸ் 2015-இல் தொடங்கிய இலவசக் கதைத்தளம் அது. பேசும் விலங்கு, பூதம், மந்திரம் என்று கதைகள் நிறைய. நமக்குக் கூடுதல் வசதி, பல கதைகள் தமிழிலும் கெமரிலும் கிடைப்பது. ஒரு சாளரத்தில் தமிழ், பக்கத்தில் கெமர் என்று திறந்து வைத்துக்கொள்ளலாம். படம் ஒன்றே என்பதால் எந்த வரி எதற்கு என்று தடுமாற வேண்டியதில்லை. தளத்தின் நான்கு வாசிப்பு நிலைகளில் இரண்டாம் நிலையே தோது. முதல் நிலையில் வாக்கியம் மிகச் சிறியது, கதை சூடுபிடிப்பதற்குள் முடிந்துவிடும்.

குறையும் உண்டு. அங்கே யார் வேண்டுமானாலும் மொழிபெயர்க்கலாம். அதனால் கதையைப் படிக்குமுன் கடைசிப் பக்கத்துக்குப் போங்கள். மொழிபெயர்த்தவர் யார், மூலம் எந்த மொழி, பின்னால் பதிப்பகம் இருக்கிறதா என்பதெல்லாம் அங்கே இருக்கும். பதிப்பகமோ அறக்கட்டளையோ வெளியிட்டதை முதலில் எடுங்கள். ஆசியா ஃபவுண்டேஷனின் லெட்ஸ் ரீட் தளத்திலும் கெமர் கதைகள் நன்றாகவே இருக்கின்றன.

டெலிகிராமிலும் முகநூலிலும் சுற்றும் நாவல் பிடிஎஃப்கள் வேண்டாம். உரிமை இல்லாதவை என்பது ஒரு காரணம். பல இயந்திரம் பெயர்த்தவை என்பது மற்றொன்று. கண்டுபிடிப்பது எளிது. கெமரிலும் நம்மைப் போலவே உறவுமுறை சொல்லித்தான் அழைப்பார்கள். சிறுவன் கிழ மந்திரவாதியைத் ‘தாத்தா’ என்ற பொருளில் ‘லோக்தா’ என்பான், தன்னைப் ‘பேரன்’ என்ற பொருளில் ‘சௌ’ என்பான். பிரதி முழுக்க எல்லோரும் எல்லோரையும் ஒரே பொதுச்சொல்லால் விளித்தால் அது மனிதக் கை பட்டதல்ல. இன்னொரு சோதனை, ‘சாப்பிடு’ என்ற சொல் வரும் இடம். உண்பவரைப் பொறுத்து அது மாறும். நாம் ‘ஞாம்’, துறவி ‘சான்’, அரசர் ‘சாவோய்’, விலங்கு ‘சீ’. அரசவைக் காட்சியில் மன்னர் சாப்பிடுவதற்கும் ‘ஞாம்’ என்றே இருந்தால் மூடிவிடலாம்.

பிடிஎஃப்பிலிருந்து ஒரு சொல்லை நகலெடுத்து ஒட்டிப் பார்ப்பதும் அவசியம். ஒட்டியதும் ஆங்கில எழுத்துக் குப்பையாக வந்தால் அது லிமோன் போன்ற பழைய எழுத்துரு. அகராதியில் தேட உதவாது. யூனிகோடாக இருந்தும் தேடல் தோற்றால் இரண்டு காரணம் இருக்கலாம். நம் ஒற்றைக்கொம்பு போலவே கெமரிலும் ஓர் உயிர்க்குறி மெய்க்கு இடப்புறம் நிற்கும். பிடிஎஃப் அதை முன்னே தள்ளி வரிசையைக் குலைத்துவிடும். அடுத்தது, ‘ட’ ‘த’ போன்ற இரண்டு மெய்களுக்கு அடியெழுத்து வடிவம் ஒன்றே. கண்ணுக்கு ஒன்றாகத் தெரியும், கணினிக்கு வேறு. கெமர் விசைப்பலகையில் இரண்டு விதமாகவும் தட்டிப் பாருங்கள். சீலாங் இணைய அகராதி உச்சரிப்பையும் தருகிறது. கெமர் வழியே பொருள் அறியும் அளவு தேறியபின், கெமருக்குக் கெமரிலேயே பொருள் சொல்லும் சுவோன் நாத் அகராதி, அதற்கு முன்னால் வேண்டாம்.

மாயக்கதையின் சொற்கள் தமிழருக்குப் பாதி தெரிந்தவை. கெமர் எழுத்து பல்லவ எழுத்திலிருந்து கிளைத்தது, சொற்களும் வடமொழியிலிருந்தும் பாலியிலிருந்தும் ஏராளமாகப் போனவை. யட்சன் அங்கே ‘யெயக்’, பூதாகாரமான அரக்கன். நாகம் ‘நியெக்’. வேதமும் மந்திரமும் சேர்ந்த ‘வேத்மொன்’தான் மாயமந்திரம். எழுத்தில் ‘நாக’ என்றே இருக்க, வாயில் ‘நியெக்’ ஆவது ஏன்? கெமர் மெய்யெழுத்துகள் இரண்டு வரிசை. ‘ந’ போன்ற இரண்டாம் வரிசை மெய்யோடு சேர்ந்தால் அதே ‘ஆ’ குறி ‘இயெ’ போல ஒலிக்கும். இந்த ஒரு விதி பிடிபட்டால் வாசிப்பு வேகம் பிடிக்கும்.

நான்காம் நிலைக் கதைகளை அகராதி இல்லாமல் ஓட்ட முடிகிறபோது பாட்டரை வாங்கலாம். கம்போடிய அச்சுப் புத்தகமா என்று பார்க்க, புத்தகத்தின் அடையாள எண்ணான ஐஎஸ்பிஎன் துணைசெய்யும். 2005 காலத்துப் பத்து இலக்க எண் 99950 என்று தொடங்கும்.