சீராய்வா, ரத்து மனுவா: வனையப்பட்ட குற்றச்சாட்டை எங்கே எதிர்ப்பது?

நிலம் விற்பதாகப் பேசி முன்பணம் வாங்கிய ஒருவர்மீது, கிரயம் செய்து தராமல் ஏமாற்றினார் என்று நடுவர் நீதிமன்றம் குற்றச்சாட்டு வனைந்துவிட்டது, அதாவது விசாரணைக்குரிய குற்றத்தை முறைப்படி எழுதிப் பதிவு செய்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். முன்பணத்தைத் திரும்பப் பெற்றதாகப் புகார்தாரரே கையெழுத்திட்ட ரசீது அவரிடம் இருக்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அவருக்கு முதன்மையாக இரண்டு வழிகள் உண்டு: கீழமை நீதிமன்ற உத்தரவு சரியா என்று மேல் நீதிமன்றத்தைப் பார்க்கச் சொல்லும் 438-ஆம் பிரிவின் சீராய்வு மனு, வழக்கையே ரத்து செய்யும்படி உயர் நீதிமன்றத்தைக் கேட்கும் 528-ஆம் பிரிவின் ரத்து மனு. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இவை முறையே 397, 482-ஆம் பிரிவுகள்.

சீராய்வில் பார்க்கப்படுவது கீழமை நீதிமன்றம் செய்த வேலை மட்டுமே: தன் முன்னிருந்த ஆவணங்களிலிருந்து பலமான சந்தேகம் எழுகிறதா என்று அது சரியாகச் சோதித்ததா என்பதே கேள்வி. இடைக்கால உத்தரவுகளைச் சீராய முடியாது என்று சட்டம் தடுத்தாலும், இடைக்காலமும் இறுதியும் அல்லாத நடுத்தர உத்தரவுகள் உண்டு என்று 1977-இல் மது லிமாயே வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியதால், குற்றச்சாட்டு வனையும் உத்தரவுக்கு எதிராக இந்த வாசல் திறந்தே இருக்கிறது. நடுவரின் உத்தரவாக இருந்தால் மாவட்டத்திலுள்ள செஷன்ஸ் நீதிமன்றத்திலேயே 90 நாட்களுக்குள் மனு போடலாம். உயர் நீதிமன்றத்தைத் தேடிச் சென்னைக்கோ மதுரைக்கோ போக வேண்டியதில்லை.

ஆனால் அந்த ரசீதுதான் சிக்கல். குற்றச்சாட்டு வனையும் கட்டத்தில் எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) தரப்பு ஆவணங்களைப் பார்க்கக் கூடாது என்று தேவேந்திரநாத் பாதி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்திருக்கிறது. கீழே பார்க்க முடியாததைப் பார்க்கவில்லை என்று சீராய்வில் குறை சொல்ல இடமில்லை. 528-ஆம் பிரிவு சொல்லும் உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்துக்கு மட்டும் இங்கே எட்டும் தூரம் அதிகம்: ஐயத்துக்கு இடமில்லாத, புகார்தாரர் மறுக்காத அல்லது நியாயமாக மறுக்க முடியாத ஆவணம் குற்றச்சாட்டின் அடித்தளத்தையே தகர்க்குமானால் அதை ஏற்கலாம் என்று 2013-இல் ராஜீவ் தாப்பர் வழக்கில் படிப்படியான சோதனை வகுக்கப்பட்டது. கையெழுத்தே என்னுடையதல்ல என்று புகார்தாரர் நம்பத்தக்க காரணத்தோடு சொல்லிவிட்டால், ரசீது விசாரணைக்குரிய சாட்சியமாகிவிடும். ரத்து மனு அங்கேயே சாயும்.

ரசீது எதுவும் இல்லாமல், சிவில் தகராறுக்குக் கிரிமினல் சாயம் பூசியிருக்கிறார்கள் என்பது மட்டும் வாதமானால், எப்போது வழக்கை ரத்து செய்யலாம் என்று பஜன் லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் பட்டியலிட்ட ஏழு வகைகளைச் சுட்டி ரத்து மனு போடுவது வழக்கம். என் பார்வையில் அது அவசரப்படுவது. பணம் வாங்கிய நாளிலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்ததாகக் காட்ட குற்றப்பத்திரிகையில் ஒரு வரிகூட இல்லையென்றால், அது சீராய்விலேயே எடுபடக்கூடிய குறை. அதைவிட நல்லது, குற்றச்சாட்டு வனையும் முன்பே, வழக்கு ஆவணங்களின் நகல்கள் கிடைத்த 60 நாட்களுக்குள், விசாரணைக்கு முன்பே வழக்கிலிருந்து விடுவிக்கக் கோரி 262-ஆம் பிரிவில் விடுவிப்பு மனு போடுவது. பலர் இந்தக் கெடுவைக் கோட்டைவிட்டுவிட்டு நேரே உயர் நீதிமன்றத்துக்கு ஓடுகிறார்கள்.

சீராய்வு எதிரிக்கு மட்டுமான கருவியும் அல்ல. அமைச்சர்கள் இருவரைத் திருவில்லிபுத்தூர் நீதிமன்றம் விடுவித்த உத்தரவுகளைச் சென்னை உயர் நீதிமன்றம் 2023-இல் யாரும் மனுப்போடாமலே சீராய்வுக்குக் கையிலெடுத்தது. ரத்து மனுவைப் பெரும்பாலும் எதிரி தரப்பே போடுகிறது.

செஷன்ஸ் நீதிமன்றத்தில் சீராய்வில் தோற்றவர் அதே நிவாரணத்துக்கு உயர் நீதிமன்றத்தில் இரண்டாவது சீராய்வு போடச் சட்டம் இடம் தருவதில்லை. 528-ஆம் பிரிவு அப்போதும் மிச்சமிருக்கும். ஆனால் அதை மாறுவேடமிட்ட இரண்டாவது சீராய்வு என்றே அரசு வழக்கறிஞர் முதலில் எதிர்ப்பார்.