வெளியே ஒரு பையா, உள்ளே ஒரு வாசலா? அறுவை தாங்காதவரின் பித்தப்பையை வடிக்கும் வழிகள்

பித்தப்பை அழற்சி என்று சேர்க்கப்பட்டவருக்கு எண்பது வயதைத் தாண்டியிருக்கும். இதயம் பலவீனம், சிறுநீரகமும் தகராறு. "ஆபரேஷன் தாங்க மாட்டார். அல்ட்ராசவுண்ட் பார்த்துக்கொண்டே சீழை வடித்துவிடலாம்" என்கிறார் மருத்துவர். வீட்டார் தலையாட்டுகிறார்கள். ஆனால் அந்த ஒரு வாக்கியத்துக்குள் இரண்டு வெவ்வேறு சிகிச்சைகள் இருக்கின்றன. ஒன்றில் அல்ட்ராசவுண்ட் கருவி வயிற்றின் மேல் இருக்கும். ஊசி தோல் வழியாகப் போகும். மற்றதில் கருவி எண்டோஸ்கோப்பின் நுனியில் பொருத்தப்பட்டு, வாய் வழியே இரைப்பைக்குள் போயிருக்கும். ஊசியும் உள்ளேயிருந்துதான் கிளம்பும். முதல் வழியில் போனவர் இடுப்பில் ஒரு பையோடு வீடு திரும்புவார். இரண்டாவதில் போனவரைப் பார்த்தால் வெளியே ஒன்றும் தெரியாது.

என் முடிவை இங்கேயே சொல்லிவிடுகிறேன். அன்றிரவு ஆளைக் காப்பாற்றுவதில் இரண்டும் ஏறக்குறைய சமம். வித்தியாசம் தெரிய ஆரம்பிப்பது அதற்கப்புறம் வரும் வாரங்களில். ஆனால் நோயாளியின் வீட்டார் கேட்கும் கேள்விகள் பெரும்பாலும் அன்றிரவைப் பற்றியே இருக்கின்றன.

எதற்காக வடிக்க வேண்டும்? பெரும்பாலும் ஒரு கல் பித்தப்பையின் கழுத்தில் போய் அடைத்துக்கொள்கிறது. சாதாரணமாக 30 முதல் 50 மில்லி கொள்ளும் பை உப்புகிறது, சுவர் தடிக்கிறது, தேங்கிய பித்தநீரில் கிருமி பெருகுகிறது. ஆன்டிபயாடிக் ஏற்றினாலே பலருக்கு இரண்டு மூன்று நாளில் தணிந்துவிடும். தணியாதவர்களுக்கும், ரத்த அழுத்தம் இறங்கி உறுப்புகள் தடுமாறத் தொடங்கியவர்களுக்கும்தான் இந்தப் பேச்சு. அடைபட்ட பைக்குள் மருந்து போதிய அளவு போய்ச் சேர்வதில்லை. சீழுக்கு வழி விட்டால்தான் காய்ச்சல் இறங்கும்.

தோல் வழி வடிப்பு 1980 வாக்கில் வந்தது. அதற்கு வேண்டிய சாமான்கள் கொஞ்சம்தான், அதுவே அதன் பலம். ஐசியூ கட்டிலிலிருந்து ஆளை நகர்த்தக்கூட வேண்டாம். இயந்திரத்தைத் தள்ளிக்கொண்டு வந்து, வலப்பக்க விலா எலும்புகளுக்கிடையில் மரப்பு ஊசி போட்டு, கல்லீரலின் ஓரம் வழியாகப் பித்தப்பைக்குள் ஊசியை இறக்குவார்கள். திரையில் பித்தப்பை உப்பிய பேரிக்காய் போலக் கறுப்பாகத் தெரியும்; அதை நோக்கி நகரும் வெள்ளைக் கோடுதான் ஊசி. நுனி பட்டதும் சுவர் உள்வாங்கிக் குழியும், ஒரு கணம் முரண்டு பிடிக்கும், சட்டென்று விட்டுவிடும். சிரிஞ்சை இழுத்தால் தெளிந்த பித்தநீர் வராது. கரும்பச்சையில் சேறு கலந்தது போன்ற ஒன்று வரும், சில பேருக்கு வெறும் சீழ். எந்தக் கிருமி என்று வளர்த்துப் பார்க்க அதில் கொஞ்சம் கல்ச்சருக்குப் போகும். அப்புறம் ஊசி வழியே கம்பி, கம்பியின் மேலேறி ஒரு மெல்லிய குழாய். குழாயின் நுனி உள்ளே போனதும் பன்றிவால் போலச் சுருண்டுகொள்ளும். உள்ளே அதைப் பிடித்து நிறுத்துவது அந்தச் சுருள்தான்.

கல்லீரலைத் துளைப்பானேன் என்று கேட்கலாம். பித்தப்பை கல்லீரலின் அடியில் ஒட்டிக்கொண்டிருப்பதால், அந்தப் பக்கமாகப் போனால் பித்தநீர் வயிற்றறைக்குள் கசிவது குறைவு, குழாயும் ஆடாமல் நிற்கும். ரத்தம் உறைவதில் கோளாறு உள்ளவருக்குக் கல்லீரலைத் தொடாமல் நேராக வயிற்றறை வழியே போவதும் உண்டு. அதில் கசிவுக்கான பயம் கொஞ்சம் அதிகம். குழாயே வைக்காமல் ஊசியால் ஒரு தடவை உறிஞ்சிவிட்டு விடும் வழக்கமும் இருக்கிறது. சிலருக்கு அதுவே போதும், ஆனால் கெட்டியான சீழ் மெல்லிய ஊசியில் வராது, பை திரும்பவும் நிறைந்துவிடலாம்.

ஓரிரு நாளில் காய்ச்சல் இறங்குகிறது, வலி போகிறது. ஆளை வீட்டுக்கு அனுப்புகிறார்கள். குழாய் மட்டும் போவதில்லை.

தினமும் ஒன்றிரண்டு தடவை 5 அல்லது 10 மில்லி சலைனைக் குழாய்க்குள் செலுத்தி அடைப்பு எடுக்க வேண்டும். பையில் எவ்வளவு இறங்கியது என்று குறித்து வைக்க வேண்டும். குழாய் நுழையும் இடத்தில் தோல் சிவந்து புண்ணாகும். இரவில் புரண்டு படுக்கும்போது இழுபடும். மறதி நோய் உள்ள பெரியவர் "இது என்ன" என்று உருவிப் போட்டுவிடுவார், அவரைக் குறை சொல்லவும் முடியாது. குழாய் போன பாதை கெட்டிப்பட்டு ஒரு சுரங்கம்போல ஆவதற்குச் சில வாரங்கள் பிடிக்கும். அதற்குமுன் உருவிக்கொண்டால் பித்தநீர் வயிற்றறைக்குள் கசியலாம், மறுபடி ஊசி. எல்லாம் நல்லபடி போனால் மூன்று முதல் ஆறு வாரம் கழித்து குழாய் வழியே சாயம் செலுத்திப் படம் எடுப்பார்கள். பித்தப்பையின் வாய் திறந்திருந்தால் குழாயை எடுக்கலாம். திறக்கவில்லையென்றால் இரண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறை குழாயை மாற்றிக்கொண்டே காலம் தள்ள வேண்டியதுதான். எடுத்துவிட்டாலும், கல் இருந்த இடத்திலேயே இருக்கிறது.

உள்வழிக்கு வருவோம். எண்டோ அல்ட்ராசவுண்டில் பித்தப்பையை வடித்த முதல் செய்திகள் 2007-இல் வந்தன. அப்போது பிளாஸ்டிக் குழாய்களைத்தான் வைத்தார்கள், ஓரங்களில் பித்தநீர் கசிந்தது. வழியை நிஜமாக மாற்றியது அடுத்து வந்த ஒரு வகை உலோக ஸ்டென்ட், அதாவது போட்ட வழி மூடாமல் தாங்கிப் பிடிக்கும் குழாய். பார்க்க உடுக்கை மாதிரி இருக்கும்: இரண்டு பக்கமும் அகன்ற விளிம்பு, நடுவில் குறுகிய இடுப்பு. ஒரு விளிம்பு பித்தப்பைக்குள் விரியும், மற்றது இரைப்பைக்குள்ளோ சிறுகுடலின் தொடக்கத்திலோ விரியும். இரண்டு சுவர்களையும் ஒன்றோடொன்று இழுத்து அணைத்துக்கொள்ளும். சூட்டால் துளைத்துக்கொண்டே போகும் நுனி சேர்ந்த பிறகு, ஊசி, கம்பி, விரிப்பான் என்று ஒவ்வொன்றாக மாற்றும் வேலையும் குறைந்தது. நடுத்துளை பெரும்பாலும் 10 அல்லது 15 மில்லிமீட்டர். தோல் வழிக் குழாய் சுமார் 3 மில்லிமீட்டர்தான் என்பதை நினைத்தால், சேறும் சீழும் எதில் தாராளமாக இறங்கும் என்று சொல்லத் தேவையில்லை. அந்தத் துளை வழியே பிற்பாடு எண்டோஸ்கோப்பையே பித்தப்பைக்குள் விட்டுக் கற்களை அள்ளவும் முடியும். மேலே சொன்ன "கல் இருந்த இடத்திலேயே" என்ற குறைக்கு இதில்தான் விடை இருக்கிறது.

இரண்டையும் நேருக்கு நேர் வைத்துப் பார்த்த ஆய்வு ஹாங்காங் தலைமையில் நடந்து 2020-இல் வெளிவந்தது. அறுவைக்கு மிகவும் ஆபத்தானவர்கள் என்று கணிக்கப்பட்ட 80 பேர், குலுக்கல் முறையில் இரண்டு பிரிவு. நோய் தணிந்தது உள்வழியில் 92.3 சதவீதம், தோல் வழியில் 92.5. முப்பது நாளில் இறந்தவர்களின் விகிதத்திலும் பெரிய வேறுபாடில்லை. அன்றிரவு சமம் என்று நான் சொன்னது இதைத்தான். ஓராண்டுக் கணக்கைப் பாருங்கள்: ஏதாவது ஒரு பாதகம் ஏற்பட்டது உள்வழியில் 25.6 சதவீதம், தோல் வழியில் 77.5. திட்டமிடாமல் மறுபடி மருத்துவமனைக்கு வந்தவர்கள் 15.4-க்கு எதிராக 50. பித்தப்பை அழற்சி திரும்ப வந்தது 2.6-க்கு எதிராக 20.

77.5 என்ற எண்ணைப் பார்த்துப் பதறிவிடக் கூடாது. குழாய் நழுவுவதும் அடைத்துக்கொள்வதும்கூட இப்படிப்பட்ட கணக்கில் பாதகம்தான். ஆனால் எழுந்து நடக்கவே சிரமப்படும் ஒருவரை அந்தச் "சின்ன" பாதகத்துக்காக நள்ளிரவில் வண்டியில் ஏற்றி வருவது அவர் வீட்டாருக்குச் சின்ன விஷயம் இல்லை. இன்னொன்றையும் சேர்த்துப் படிக்க வேண்டும்: ஆய்வில் உள்வழியைச் செய்தவர்கள் கை தேர்ந்தவர்கள். மாதத்துக்கு ஒன்று செய்கிற இடத்தில் இதே எண்கள் வரும் என்று எதிர்பார்க்க முடியாது.

ஏனென்றால் உள்வழி தவறினால் சின்னதாகத் தவறாது. பித்தப்பைச் சுவர் குடலிலிருந்து ஒரு சென்டிமீட்டருக்குள் இருந்தால்தான் இந்த ஸ்டென்ட் சரியாக உட்காரும். ஒரு விளிம்பு பித்தப்பைக்குள் விரியாமல் வயிற்றறைக்குள் விரிந்துவிட்டால், இரைப்பையில் ஓட்டை, பித்தப்பையில் ஓட்டை, இரண்டுக்கும் நடுவே சீழ். அறுவையைத் தவிர்க்கக் கிளம்பியவர் அறுவை மேசையில் போய் முடிவார். போதாக்குறைக்கு இதற்கு ஆழ்ந்த தூக்கமோ முழு மயக்கமோ வேண்டும், மூச்சுக்குழாய் பாதுகாப்பும் வேண்டும். "மயக்கம் தாங்க மாட்டார்" என்பதற்காகவே அறுவையை ஒதுக்கியவருக்கு இது என்ன வசதி என்ற கேள்வி நியாயமானதுதான். ரத்த அழுத்தத்தைத் தாங்கிப் பிடிக்க மருந்து ஓடிக்கொண்டிருக்கும் ஆளை எண்டோஸ்கோபி அறைக்குக் கொண்டுபோவதைவிட, கட்டிலிலேயே மரப்பு ஊசி போட்டுத் தோல் வழியே வடித்துவிடுவதை நானும் விரும்புவேன். ஆள் தேறிய பிறகு அந்தக் குழாயை எடுத்துவிட்டு உள்வழிக்கு மாற்றவும் முடியும். இந்த மாற்றுவழியைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை.

ஆக, எதைத் தேர்வது என்பது இன்னொரு கேள்வியில் போய் நிற்கிறது: இவருக்கு என்றைக்காவது அறுவை நடக்குமா? நடக்கும் என்றால், நிமோனியா தணியட்டும், மாரடைப்புக்குப் பிறகு சில மாதம் போகட்டும் என்று காத்திருப்பவர் என்றால், தோல் வழி நல்லது. பித்தப்பையும் குடலும் ஒட்டாமல் இருக்கும், பிற்பாடு அறுவை செய்பவருக்கு வேலை சுலபம். நடக்கவே போவதில்லை என்றால் உள்வழி. வாழ்நாள் பூராவும் ஒரு பையைக் கட்டிக்கொண்டு அலைய வைக்க எனக்கு மனம் வராது. நடக்கலாம், நடக்காமலும் போகலாம் என்று இழுபறியாக இருந்து உள்வழிதான் என்றானால், வாசலைச் சிறுகுடலில் வைக்காமல் இரைப்பையில் வைப்பதைப் பலர் விரும்புகிறார்கள். பிறகு மூடுவது எளிது. ஆனால் இரைப்பைப் பக்கம் உணவு உள்ளே புகுந்து அடைக்கும் வாய்ப்பு அதிகம். கல்லே இல்லாமல், வேறு பெரிய நோயில் ஐசியூவில் கிடக்கும்போது வரும் அழற்சி தனி ரகம். அதற்குப் பெரும்பாலும் தோல் வழிக் குழாயே போதும்; ஆள் தேறினால் பித்தப்பையும் தேறிவிடும், குழாயை எடுத்துவிட்டு மறந்துவிடலாம்.

மூன்றாவதாக ஒரு வழி: இஆர்சிபி மூலம், அதாவது வாய் வழியே எண்டோஸ்கோப்பைச் சிறுகுடல்வரை கொண்டுபோய், பித்தநாளத்தின் இயற்கை வாய்க்குள் நுழைந்து பித்தப்பைவரை ஒரு மெல்லிய பிளாஸ்டிக் ஸ்டென்ட் வைப்பது. எதையும் துளைப்பதில்லை என்பதால் வயிற்றில் நீர் கோத்தவர்களுக்கும், ரத்தம் உறையாதவர்களுக்கும், கல்லீரல் மாற்றுக்குக் காத்திருப்பவர்களுக்கும் ஏற்றது. ஆனால் பித்தப்பையின் குழல் திருகாணி போல வளைந்தது, அதற்குள் கம்பியை ஓட்டுவது எல்லா நேரமும் நடக்காது, கணைய அழற்சி வரும் ஆபத்தும் உண்டு.

சரி, "அறுவை தாங்க மாட்டார்" என்ற அந்த முதல் வாக்கியத்தையே ஒருமுறை தட்டிப் பார்ப்போம். நெதர்லாந்தில் ஆபத்து அதிகமான 142 பேரை வைத்து நடந்த ஆய்வு 2018-இல் வந்தது. பாதிப் பேருக்குச் சிறு துளைகள் வழியே பித்தப்பையை எடுக்கும் லேப்ராஸ்கோபி அறுவை, பாதிப் பேருக்குத் தோல் வழிக் குழாய். பெரிய சிக்கல்கள் அறுவையில் 12 சதவீதம், குழாயில் 65. வித்தியாசம் அவ்வளவு அப்பட்டமாக இருந்ததால் ஆய்வையே பாதியில் நிறுத்திவிட்டார்கள். மிக மோசமான நிலையில் இருந்தவர்களை அதில் சேர்க்கவில்லை, ஐசியூவில் கிடப்பவருக்கு அது பொருந்தாது. ஆனால் வயதை மட்டும் பார்த்து "தாங்க மாட்டார்" என்று யாராவது சொன்னால், அனுபவமுள்ள அறுவை மருத்துவர் ஒருவரையும் மயக்க மருத்துவரையும் கேட்டுவிட்டுத்தான் குழாய்ப் பேச்சுக்கு வர வேண்டும் என்பேன்.

இரவு இரண்டு மணிக்கு இந்த அலசல் எல்லாம் எடுபடாது என்பதும் உண்மை. அப்போது கட்டிடத்தில் யார் இருக்கிறாரோ, அவர் கைக்கு எது பழக்கமோ, அதுதான் நடக்கும். பித்தப்பை அழற்சி சிகிச்சைக்கென மருத்துவர்கள் பின்பற்றும் டோக்கியோ வழிகாட்டுதலின் 2018 பதிப்பும் தோல் வழியைத்தான் பொதுவான முறையாக வைத்து, மற்ற இரண்டையும் பழக்கமுள்ள மையங்களுக்கு என்று ஒதுக்கியிருந்தது.

எந்த வழியானாலும் டிஸ்சார்ஜ் சம்மரியைக் கையில் வாங்கும்போது ஒரு வரியைத் தேடிப் பாருங்கள்: என்ன வைத்தார்கள், எங்கே, எந்தத் தேதியில், எப்போது எடுக்க அல்லது மாற்ற வர வேண்டும். உலோக ஸ்டென்டைச் சில வாரங்களில் எடுத்து பிளாஸ்டிக்காக மாற்றுபவர்களும் உண்டு, மிகத் தளர்ந்தவருக்கு அப்படியே விட்டுவிடுபவர்களும் உண்டு. எது என்று எழுதியிருக்க வேண்டும். ஆறு மாதம் கழித்து வேறொரு ஊரில், ஏதோ வயிற்றுவலிக்கு எடுத்த சிடி ஸ்கேனில் பித்தப்பைக்குள் காற்றும் பக்கத்தில் உலோகமும் தெரியும். அந்த ஒரு வரி இல்லையென்றால், பார்ப்பவர் குடலில் ஓட்டை விழுந்திருக்கிறது என்று நினைத்து அறுவை அறையைத் தயார் செய்யச் சொல்லிவிடுவார்.