ஹிட்கோட்டா, கிரேட் டிக்ஸ்டரா?

இங்கிலாந்தின் பழைய மாளிகைத் தோட்டங்களில் ஒன்றை மட்டுமே காண நேரமுள்ளவர்கள், குளோஸ்டர்ஷயரின் ஹிட்கோட், கிழக்கு சசெக்ஸின் கிரேட் டிக்ஸ்டர் ஆகிய இரண்டுக்கும் இடையே தடுமாறுவதுண்டு.

வீடு
ஹிட்கோட்: 17ஆம் நூற்றாண்டுக் கட்டடம், தோட்டத்துக்குப் பின்னணியாக நிற்கிறது, அவ்வளவே.
டிக்ஸ்டர்: 15ஆம் நூற்றாண்டின் மரச்சட்டக் கூடம். 1910இல் நத்தானியேல் லாய்டு இதை வாங்கியபின், கட்டடக் கலைஞர் எட்வின் லட்யன்ஸ் (புதுதில்லியை வடிவமைத்த அவரேதான்) கென்ட்டின் பெனன்டனில் இருந்த மற்றொரு பழைய வீட்டைப் பிரித்துக் கொணர்ந்து இதனுடன் இணைத்தார்.

தோட்டம்
ஹிட்கோட்: 1907இல் தாயார் வாங்கிய நிலத்தில், லாரன்ஸ் ஜான்ஸ்டன் உயிர்வேலிகளையே சுவர்களாக வளர்த்து, ஒன்றிலிருந்து ஒன்றுக்கு நுழையும் அறைகளாகப் பகுத்தார்.
டிக்ஸ்டர்: மயில் வடிவில் கத்தரித்த செடிகள், புல்வெளிப் பூக்கள். நத்தானியேலின் மகன் கிறிஸ்டோபர் 1990களில் ரோஜாக்களை அகற்றி, அவ்விடத்தில் வாழையும் கல்வாழையும் டாலியாவும் நட்டார். நம் கொல்லை வாழை அங்கே அரும்பொருளாக நிற்பது சற்று வேடிக்கைதான்.

ஒழுங்கமைப்பைக் கற்க விரும்புவோருக்கு ஹிட்கோட் ஏற்றது. வீட்டின் வரலாற்றையும் நிறங்களின் துணிச்சலையும் ஒருங்கே நாடுவோர், என் கணிப்பில், டிக்ஸ்டருக்கே செல்ல வேண்டும்.