ஷகீராவின் இரு ஆல்பங்கள்: 1998-உம் 2001-உம்

கொலம்பியாவின் பர்ராங்கியா நகரில் 1977-இல் பிறந்த பாடகி ஷகீராவை முதன்முதலாகக் கேட்பவர், 1998-இல் ஸ்பானிய மொழியில் வந்த 'தோந்தே எஸ்தான் லோஸ் லத்ரோனெஸ்' ஆல்பத்தில் தொடங்குவதா, 2001-இல் பெரும்பாலும் ஆங்கிலத்தில் வந்த 'லாண்ட்ரி சர்வீஸ்' ஆல்பத்தில் தொடங்குவதா?

முன்னதன் தலைப்புக்குத் 'திருடர்கள் எங்கே?' என்று பொருள். ஷகீராவின் பாடல் வரிகள் இருந்த பெட்டி கொலம்பியத் தலைநகர் பொகோத்தாவின் விமான நிலையத்தில் களவுபோனதிலிருந்து பிறந்த கேள்வி அது. அட்டைப்படத்தில் அவருடைய கைகள் அழுக்கேறிக் கிடக்கின்றன. 'ஓஹோஸ் அசி' பாடலில் ஸ்பானிய வரிகளுக்கு நடுவே திடீரென்று அரபு மொழி எழும்போது, தந்தைவழி லெபனான் வேர் எந்த விளக்கமும் இன்றிக் காதில் விழுகிறது.

பின்னதற்காக, கியூபாவில் பிறந்த அமெரிக்கப் பாடகி குளோரியா எஸ்தெஃபானின் ஊக்கத்தால், ஷகீரா ஆங்கிலத்தில் எழுதக் கற்றுக்கொண்டார். உலகெங்கும் ஒரு கோடிப் பிரதிகளுக்கு மேல் விற்ற அந்த ஆல்பத்தின் 'வெனவர், வேரவர்' பாடலில் தென் அமெரிக்காவின் ஆண்டிஸ் மலைக் குழலோசை துள்ளுகிறது. தம் மார்பகங்கள் சிறியவை, ஆகவே மலையென்று யாரும் மயங்கார் என்னும் வரி பலருடைய கேலிக்கு உள்ளானது. ஆனால் அதன் ஸ்பானிய வடிவமான 'சுவெர்த்தே'யிலும் அதே உவமை இருப்பதால், குறையை ஆங்கிலத்தின் மேல் மட்டும் சுமத்துவது நியாயமாகாது. (எனக்கு அந்தக் குறும்பு பிடிக்கும்.)

தாளத்துக்காகக் கேட்பவருக்குப் பின்னதே எளிய வாசல். பாடலாசிரியரைத் தேடுபவர், ஸ்பானியம் தெரியாவிட்டாலும், மொழிபெயர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டேனும் முன்னதையே முதலில் கேட்கலாம்.