ஏற்காட்டுக்கு எடுத்த வாடகை கார்: திருப்தி

மாமியாருக்கு வளைவு ஏறினாலே குமட்டும். அதனால் தர்மபுரி பேருந்து நிலையம் பக்கம் இருக்கும் அந்தச் சின்ன டிராவல்ஸில் முதலிலேயே சொல்லிவிட்டேன். ஓட்டுநர் அண்ணன் திட்டத்தையே மாற்றிக்கொடுத்தார். விடியும் முன்னே கிளம்பினோம். தொப்பூர் கணவாயில் லாரிகள் நெருக்கும் முன்பே கடந்துவிட்டோம். சேலத்திலிருந்து மேலே 20 கொண்டை ஊசி வளைவுகள். மாமியாரை முன் சீட்டில் உட்காரவைத்து, கண்ணாடியை இறக்கிவிட்டு, பின்னால் ஏறிவரும் வண்டிகளுக்கு வழிவிட்டு நிதானமாக ஓட்டினார். ஒருமுறைகூட அவருக்கு வாந்தி வரவில்லை. இதற்காகவே எத்தனை முறை வேண்டுமானாலும் இவரைக் கூப்பிடுவேன்.

ஏரி, படகு எல்லாம் வழக்கம்போல. திரும்பும்போது குப்பனூர் சாலையில் இறங்கி, மஞ்சவாடி கணவாய், பாப்பிரெட்டிப்பட்டி வழியாக வந்தோம். கூட்டமே இல்லை, காபித் தோட்டங்களும் மிளகுக் கொடிகளும் பார்க்க அவ்வளவு அழகு. இறக்கத்தில் பிரேக்கையே மிதித்துக்கொண்டிருக்காமல் இரண்டாவது கியரிலேயே வந்தார். சூடேறினால் பிரேக் பிடிக்காது என்று மகனுக்கும் விளக்கினார்.

ஒரே குறை, பின் சீட் பெல்ட் ஒன்று மாட்டவில்லை. குழந்தைகளோடு மலைக்குப் போகிற வண்டியில் அதைக் கட்டாயம் சரிசெய்ய வேண்டும். பேசிய வாடகைக்கு மேல் ஒரு ரூபாய்கூடக் கேட்கவில்லை. அடுத்து வத்தல்மலைக்கும் இவரையே சொல்லிவைத்திருக்கிறேன்.